வெட்டாத பக்கங்கள்

பூட்டைத் திறந்த அன்று அந்த வீட்டில் இருந்தவர்கள்:

ரோஷன் பீ, வீட்டுக்குச் சொந்தக்காரி, விதவை.
நசுருதீன், அவள் தம்பி, செஞ்சிக் கடைத்தெருவில் கயிறும் சாக்கும் விற்பவர்.
பாண்டுரங்கன், துருப்பிடித்த பூட்டுக்கு எண்ணெய் விட வந்த ரிப்பேர்க்காரர்.
இராமச்சந்திரன், சிங்கவரம் காலனிக்காரன், புதுச்சேரியில் பிரெஞ்சு இலக்கியத்தில் ஆராய்ச்சி செய்கிறவன்.

நாலு பேர். இந்தக் கணக்கில் பிறகு இராமச்சந்திரனுக்குச் சந்தேகம் வந்தது. அன்று வரவில்லை.

1964, ரம்ஜான் முடிந்த மூன்றாம் நாள். வெயில் அதற்குள் ஏறிவிட்டிருந்தது. பூட்டு திறந்ததும் உள்ளேயிருந்து வந்த காற்று குளிர்ச்சியாக இருந்தது. ஏழு வருடம் பூட்டிக் கிடந்த வீட்டில் புழுங்கல் வாடைதான் அடிக்க வேண்டும். பென்சில் சீவின வாடை அடித்தது. பாண்டுரங்கன் மூக்கை உறிஞ்சிப் பார்த்துவிட்டுக் கூலியை வாங்கிக்கொண்டு போய்விட்டார்.

நடு அறையில் ஒரு மேசை, ஒரு நாற்காலி, சுவர் முழுக்கப் புத்தக அலமாரி. எல்லாம் பிரெஞ்சு. ரோஷன் பீயின் கணவர் சைபுதீன் சைகோனில் பிரெஞ்சுக்காரர்களிடம் எழுத்தராக இருந்தவர். ஊர் திரும்பியபோது மற்றவர்கள் பட்டும் கடிகாரமும் கொண்டுவந்தார்கள். அவர் மூன்று டிரங்குப் பெட்டி நிறைய நாவல்களைக் கொண்டுவந்தார். ஐம்பத்தேழில் இதே நாற்காலியில் உட்கார்ந்தபடி இறந்துபோனார்.

அலமாரிக்குக் கீழே தரையில் பன்னிரண்டு பார்சல்கள் இருந்தன. சணல் கட்டு, அரக்கு முத்திரை, பாரீஸ் தபால் தலை.

"மச்சான் சைகோன்ல இருக்கும்போதே கட்டி வச்ச சந்தா," என்றார் நசுருதீன். "ஆளு போயி ஏழு வருஷம் ஆச்சு. புஸ்தகம் மட்டும் வந்துக்கினே இருக்குது. பிரெஞ்சுக்காரனுக்கு யாரும் தந்தி அடிக்கல போலிருக்குது."

அப்படி வந்த ஒரு பார்சலை நசுருதீனின் கடையில் பார்த்துத்தான் இராமச்சந்திரன் இந்த வீட்டைக் கண்டுபிடித்தான். பத்து நாள் அவர் பின்னாலேயே நடந்து கேட்டான். அக்கா ஒத்துக்கொண்டாள். ஆனால் ஒரு ஏற்பாடு வைத்தாள்.

அவள் விதவை. அவன் வேற்று ஆண். அவன் உள்ளே இருக்கும்போது கதவு திறந்திருந்தால் தெரு பேசும். சாத்தி வைத்திருந்தால் இன்னும் கூடப் பேசும். வெளியே பூட்டுத் தொங்கினால்தான் யாரும் யாரோடும் இல்லை என்று ஊருக்குத் தெரியும். அதனால் காலை பத்து மணிக்கு அவள் சாவியோடு வருவாள். முக்காட்டை இழுத்துவிட்டுக்கொண்டு சுவரைப் பார்த்து நிற்பாள். அவன் உள்ளே போவான். அவள் வெளியே பூட்டிக்கொண்டு எதிர்வரிசையில் இருக்கும் தம்பி வீட்டுக்குப் போய்விடுவாள். மாலை நாலு மணிக்குச் சாவியால் கதவில் மூன்று தட்டு. கதவைத் திறந்துவிட்டு மறுபடி சுவரைப் பார்த்து நிற்பாள். அவன் ஒரு முறை இருமுவான், செருப்பை மாட்டுவான், "வர்றேன் பாயம்மா" என்பான், மூன்று படி இறங்குவான். அந்தச் சத்தத்தைக் கேட்டபின் அவள் பூட்டுவாள். வலது கால் டயர் செருப்பின் வார் அறுந்து, சைக்கிள் டியூபை வைத்துத் தைத்திருந்தான். அது படியில் சரக் சரக்கென்று இழுபடும். அவளுக்கு அந்தச் சத்தம்தான் இராமச்சந்திரன். முதல் நாளுக்குப் பிறகு அவள் அவன் முகத்தைப் பார்த்ததே கிடையாது.

கொல்லைக் கதவு எப்போதோ ஆணி அடித்து மூடப்பட்டது. ஜன்னலுக்குக் கம்பி. ஆறு மணி நேரம் உள்ளே கிடக்க வேண்டும். அவனுக்கு அதில் வருத்தமில்லை. அந்த ஊரில் அவனை நம்பிப் பூட்டி வைக்க இடம் கொடுத்த வீடு அது ஒன்றுதான்.

அவன் எழுதிக்கொண்டிருந்த ஆராய்ச்சி, போருக்குப் பிந்தைய பிரெஞ்சு நாவலில் மனிதன் எங்கே போனான் என்பது. அந்த நாவல்களில் கதாநாயகன் கிடையாது. பெயர் இருந்தால் முகம் இருக்காது. அறையைப் பக்கம் பக்கமாக வர்ணிப்பார்கள், அறையில் இருப்பவனைப் பற்றி ஒரு வரி இருக்காது. போரில் செத்ததால் போனான், கடவுள் மேல் நம்பிக்கை போனதால் போனான், நகரம் தின்றதால் போனான் என்று நூற்றிருபது பக்கம் எழுதியிருந்தான். அவனுடைய வழிகாட்டி இளையபெருமாள் அதைக் கையில் எடைபார்ப்பது போலத் தூக்கிப் பார்த்தார்.

"முசியே இராமச்சந்திரன், இதுல உங்க சரக்கு எது? பாரீஸ்ல நாலு பேர் சொன்னதை மளிகைக் கடை மாதிரி வரிசையா அடுக்கியிருக்கீங்க. ஆள் எங்க போனான்னு கேட்டா, போயிட்டான்னு சொல்றீங்க. அது எனக்கே தெரியுமே."

மார்ச் முப்பத்தொன்றுக்குள் ஒப்படைத்தால் கல்லூரியில் விரிவுரையாளர் வேலை. இல்லையென்றால் அந்த இடத்துக்கு ஒரு வக்கீல் வீட்டுப் பையன் தயாராக இருந்தான். இராமச்சந்திரனுக்கு வேறு வழியாகத் திறந்திருந்தது பண்ணையில் வேர்க்கடலை பிடுங்குகிற வேலை மட்டும்.

சைபுதீனின் பழைய புத்தகங்களில் ஓரமெல்லாம் பென்சில் குறிப்புகள். தமிழில், சின்னச் சின்ன உருண்டை எழுத்தில். முதல் வாரம் அதைப் பொழுதுபோக்காகப் படித்தான். இரண்டாவது வாரம் நாவலை விட்டுவிட்டுக் குறிப்பை மட்டும் படித்தான்.

'ஆள் எங்கும் போகவில்லை. நாற்காலியைத் துடைத்து வைத்துவிட்டு ஓரமாக நிற்கிறான். படிக்க வருகிறவன் உட்காரட்டும் என்று. இவர்கள் எல்லோரும் எழுதுவது அந்தக் காலி நாற்காலியைத்தான்.'

அடுத்த பக்கத்து ஓரத்தில்: 'உட்கார்ந்தவன் எழுந்திருக்க முடியாது என்பதை மட்டும் ஒருவரும் எழுதுவதில்லை.'

இராமச்சந்திரன் பேனாவை எடுத்தான். குறிப்பைப் பிரெஞ்சில் எழுதினான். மொழிபெயர்த்தால் பாதி நம்முடையது என்று சொல்லிக்கொண்டான். மீதிப் பாதியைப் பற்றி எதுவும் சொல்லிக்கொள்ளவில்லை.

புது அத்தியாயத்தைப் படித்த இளையபெருமாள் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "இது யார் எழுதினது?"

"நான்தான் சார்."

"இத்தனை நாள் எங்கய்யா ஒளிச்சி வச்சிருந்தீங்க இந்த மூளையை? இதே மாதிரி இன்னும் ரெண்டு அத்தியாயம் வேணும்."

சைகோன் புத்தகங்கள் அத்தோடு தீர்ந்துபோயின. பாக்கி இருந்தது தரையில் கிடந்த பார்சல்கள்தான்.

பிரெஞ்சுக்காரர்கள் அப்போது புத்தகத்தை வெட்டாமல் விற்பார்கள். பெரிய தாளில் அச்சடித்து, மடித்து, அப்படியே தைத்து அட்டை போட்டுவிடுவார்கள். மேற்பக்கத்திலும் பக்கவாட்டிலும் மடிப்பு மூடியிருக்கும். வாங்கியவன் கத்தியை விட்டு ஒவ்வொரு மடிப்பாகக் கிழித்துத்தான் படிக்க வேண்டும். வெட்டாத மடிப்புக்குள் கண்ணை இடுக்கிப் பார்க்கலாம், அவ்வளவுதான். விரல் போகாது. பென்சில் போகவே போகாது.

மேசை இழுப்பறையில் சைபுதீனின் கொம்புக் கத்தி இருந்தது. இராமச்சந்திரன் முதல் பார்சலின் அரக்கை உடைத்தான். அறுபதாம் வருடம் அச்சான நாவல். கத்தியை மடிப்பில் விட்டு இழுத்தான். தாள் பிரிந்தது.

உள்ளே, ஓரத்தில், பென்சில் குறிப்பு. அதே உருண்டை எழுத்து.

புத்தகத்தை மூடினான். அரக்கை எடுத்துப் பார்த்தான். முழு அரக்கு, அவன் உடைத்த இடத்தில் மட்டும் பளபளவென்று புது முறிவு. அடுத்த மடிப்பை வெட்டினான். அதிலும் இருந்தது.

'மூன்றாம் அத்தியாயத்தில் "துடைத்து வைத்த" என்பதை "ஒதுக்கி வைத்த" என்று மொழிபெயர்த்திருக்கிறாய். அது தப்பு. திருத்து.'

அவனுடைய கையெழுத்துப் படி சிங்கவரத்தில் வீட்டுப் பரணில் இருந்தது. நாலு மணிக்கு வெளியே வந்ததும் சைக்கிளை மிதித்துக்கொண்டு போய் எடுத்துப் பார்த்தான். தப்பு இருந்தது.

மறுநாள் பூட்டைத் திறக்க வந்த ரோஷன் பீயிடம் கேட்டான். அவள் சுவரைப் பார்த்தபடியே பதில் சொன்னாள்.

"பாயம்மா, அந்தப் பார்சலையெல்லாம் யாராவது பிரிச்சாங்களா?"

"யாரு பிரிக்கப் போறா? முடிச்சுக்கூட அவுக்கல. வந்ததை வாங்கி அப்டியே ஜன்னல் வழியா உள்ள போட்டுடுவோம்."

"அவரு எழுத்து மாதிரி உள்ள இருக்குது."

"அவரு எழுதாத புஸ்தகம் ஏது? சாப்பாடு ஆறிப்போவுதுன்னு நூறு தடவ கூப்டுவேன். இன்னும் ஒரே பக்கம் ரோஷன்னு சொல்லுவாரு." பிறகு, "உள்ள போறியா, வெயில்ல நிக்க வச்சிக்கினே இருக்கியே," என்றாள்.

உள்ளே போனான். அன்று வெட்டிய நாலாவது மடிப்பில் குறிப்பு நாவலைப் பற்றியதாக இல்லை.

'பூட்டைத் திறந்த அன்று இந்த வீட்டில் இருந்தவர்கள்: ரோஷன். நசுருதீன். பூட்டுக்கு எண்ணெய் விட்ட ஒருவர். சிங்கவரத்துப் பையன். நான்.'

விரலை விட்டு எண்ணினான். ஐந்து. நாற்காலியைத் திரும்பிப் பார்க்க வேண்டியிருக்கவில்லை. அவன்தான் அதில் உட்கார்ந்திருந்தான்.

பயம் இரண்டு நாள் இருந்தது. மூன்றாம் நாள் அது வசதியாகிவிட்டது. எந்தக் கேள்வியில் சிக்கினாலும் அடுத்த மடிப்பை வெட்டினால் பதில் இருந்தது. இறந்தவனைவிட மார்ச் முப்பத்தொன்று அவனுக்குப் பெரிய பயம். பதினொரு பார்சலைப் பிரித்தான். இரண்டு அத்தியாயம் முடிந்தது. பதினொன்றாவது புத்தகத்தின் கடைசி மடிப்பில் சைபுதீன் ஒன்றே ஒன்று கேட்டார்.

'நன்றி சொல்லும் பக்கத்தில் ஒரு வரி போதும். சைபுதீன், செஞ்சி.'

அந்த வரியை இராமச்சந்திரன் எழுதத்தான் செய்தான். தட்டச்சுக்குக் கொடுக்க வைத்திருந்த தாளில் அது இருந்தது. அன்று வெள்ளிக்கிழமை, வீடு திறக்காது. அவன் அப்பா கன்னியப்பனோடு களத்தில் உட்கார்ந்து கடலை ஆய்ந்துகொண்டிருந்தான்.

"ஏன்டா, அந்தப் புக்குல பேரு போடுவாங்களா?" என்றார் கன்னியப்பன்.

"போடுவாங்க நைனா."

"உம் பேரு மட்டுமா?"

"எழுதனவன் பேருதான போடுவாங்க."

"இல்ல, சும்மா கேட்டேன். நாப்பது வருஷமா எம் பேர நான் பாத்தது பண்ணை ரிஜிஸ்டர்லதான். எனக்குப் படிக்கத் தெரியாது, கணக்குப்புள்ள காட்டுவாரு. அதுலயும் முழுசா இல்லியாம். கன்னின்னு பாதி போட்டுட்டு வுட்டுட்டாராம். மீதி எழுதறதுக்கு மை செலவாயிடும்னு சிரிச்சாரு." கன்னியப்பனும் சிரித்தார். ஒரு கடலையை உடைத்து மகனிடம் நீட்டினார்.

அன்று நன்றிப் பக்கத்தைத் திருப்பி எழுதினான். என் தந்தை கன்னியப்பனுக்கு என்று முழுசாகப் போட்டான். கீழே சைபுதீன் வரியையும் எழுதிவிட்டு அதைப் பார்த்துக்கொண்டிருந்தான். செஞ்சியில் ஒரு சைகோன் எழுத்தருக்கு எதற்கு நன்றி என்று இளையபெருமாள் கேட்பார். கேட்டால் புத்தகத்தைப் பார்ப்பார். பார்த்தால் தொலைந்தது. இரண்டு பெயரில் ஒன்றுக்குத்தான் இடம் என்று முடிவு செய்தான். வரியை அடித்தான். அடித்தது தெரியாமல் இருக்க வேறு தாளில் எழுதினான்.

ஆனால் இளையபெருமாள் எப்படியும் கேட்டுவிட்டார். அடிக்குறிப்புகளைப் பார்த்துக்கொண்டே வந்தவர் நிமிர்ந்தார்.

"இந்தப் பதிப்பெல்லாம் நம்ம நூலகத்துல கிடையாதே. எங்க படிச்சீங்க?"

"செஞ்சியில ஒரு வீட்ல சார்."

"செஞ்சியிலயா! கோட்டைக்கல்லுக்கு நடுவுல இதா? முப்பதாம் தேதி நான் வர்றேன். அந்தம்மாகிட்டப் பேசி மொத்தத்தையும் நூலகத்துக்கு வாங்கிடலாம். ஒவ்வொண்ணா நானே புரட்டிப் பாக்கணும்."

இருபத்தெட்டாம் தேதி காலை இராமச்சந்திரன் நாலு அழிரப்பர் வாங்கிச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு, கையெழுத்துப் படிகள் வைத்த துணிப்பையோடு வந்தான்.

பத்து மணிக்குக் கதவு பூட்டியது. அழிக்க ஆரம்பித்தான். முதலில் ஐந்து பேர் பட்டியல் இருந்த பக்கம். அது சுலபமாகப் போய்விட்டது. பிறகு நாற்காலி. பிறகு அவன் தப்பைத் திருத்திய வரி. நன்றாக எழுதப்பட்டவை, இவன் மூளையில் ஏழு ஜென்மத்துக்கும் வராதவை, ஒவ்வொன்றாகச் சாம்பல் நிறத் திரியாகி மேசையில் விழுந்தன. ஊதித் தள்ளினான். ஜன்னல் வழியாக ராஜகிரிப் பாறைகள் வெயிலில் வெளுத்துக் கிடந்தன. தெருவில் நடமாட்டமே இல்லை. அலமாரி முடிந்தபோது மணி இரண்டு. பதினொரு பார்சல் புத்தகமும் முடிந்தபோது மூன்றரை. விரல் நுனி தோல் வழன்று எரிந்தது. குனிந்தே இருந்ததில் கால் மரத்துவிட்டது என்று நினைத்தான்.

பன்னிரண்டாவது பார்சல் பாக்கி. பிரிக்காமல் விட்டுவிடலாம் என்று முதலில் தோன்றியது. ஆனால் இளையபெருமாள் பிரிப்பார். பிரித்து, வெட்டி, படிப்பார். முடிச்சை அறுத்து எடுத்தான். கத்தியை ஓட்டினான். முதல் மடிப்பில் ஒன்றுமில்லை. இரண்டாவதில் ஒன்றுமில்லை. வெட்ட வெட்ட வெறும் ஓரம். வெள்ளையாக, சுத்தமாக. அவனுக்குச் சிரிப்பு வந்தது. மனுஷனுக்குப் புரிந்துவிட்டது, போய்விட்டான் என்று நினைத்தான்.

கடைசி மடிப்பை வெட்டினான்.

'இன்று இந்த வீட்டில் இருப்பவர்: ஒருவர். கிளம்புகிறவர்: ஒருவர்.'

ரப்பரை வைத்து அழுத்தித் தேய்த்தான். ரப்பர் கரைந்தது. எழுத்து கரையவில்லை. இன்னும் குனிந்து பார்த்தான். உருண்டை எழுத்து இல்லை அது. கோணலாக, வலப்பக்கம் சாய்ந்து, அவசரமாக எழுதியது. பள்ளிக்கூட நாளிலிருந்து வாத்தியார்கள் திட்டிக்கொண்டே இருந்த எழுத்து. அவனுடைய கையெழுத்து.

கதவில் சாவி மூன்று முறை தட்டியது.

"நாலாச்சு," என்றாள் ரோஷன் பீ வெளியே.

பூட்டு திறந்தது. வெளிச்சம் தரையில் நீளமாக விழுந்தது. இராமச்சந்திரன் எழுந்திருக்கப் பார்த்தான். கால் இருந்தது. அது அவன் சொல்வதைக் கேட்கவில்லை. நாற்காலியின் கைப்பிடியிலிருந்து கையும் வரவில்லை.

அவனுக்குப் பின்னால், அலமாரி ஓரத்தில், ரொம்ப நேரம் நின்றுகொண்டிருந்தவர் காலை மாற்றி வைப்பது போல ஒரு சத்தம். பிறகு யாரோ அவனைத் தாண்டிப் போனார்கள். பென்சில் சீவின வாடை அடித்தது. கழுத்தைத் திருப்ப முடியாததால் தரையில் நிழலைத்தான் பார்த்தான். நிழல் அவன் உயரம்தான் இருந்தது. கையில் அவனுடைய கையெழுத்துப் படிகள் வைத்த துணிப்பை இருந்தது.

வாசலில் ஓர் இருமல். அவனுடைய இருமல். டயர் செருப்பை மாட்டும் சத்தம்.

பாயம்மா, திரும்பிப் பாருங்க என்று கத்த வாயைத் திறந்தான். ஒரே ஒரு தடவை திரும்பினால் போதும். அவள் திரும்ப மாட்டாள். நாற்பது நாளாகத் திரும்பியதில்லை. வாயிலிருந்து காற்று மட்டும் வந்தது. குரல் அவனுக்கு முன்பே வாசலுக்குப் போயிருந்தது.

"வர்றேன் பாயம்மா."

"முடிஞ்சிச்சா உன் படிப்பு?"

"முடிஞ்சிது. வாத்தியார் நாளான்னிக்கு வருவாரு. அவர நான் வழியிலயே பாத்துப் பேசிக்கிறேன். இனிமே திறக்க வேணாம்."

"நல்லா இரு தம்பி."

முதல் படி. இரண்டாவது படி. சரக் சரக்கென்று வார் இழுபட்டது. மூன்றாவது படி இறங்கியதும் தெருவில் நசுருதீனின் குரல் கேட்டது.

"இன்னாப்பா, இன்னிக்கி முகம் ஒரு மாதிரி இருக்குது? வெயிலா?"

"ஆமா பாய். உள்ளயே கெடந்துட்டேன் இல்ல."

மேசை மேல் திறந்து கிடந்த புத்தகத்தில் இருந்த வெளிச்சம் ஓரத்திலிருந்து சுருங்கிக்கொண்டே வந்தது. ரோஷன் பீ கதவை இழுத்துச் சாத்தினாள். நாதாங்கியை மாட்டினாள். எண்ணெய் விட்ட பூட்டு சத்தமில்லாமல் சுற்றி, கடைசியில் ஒரு தரம் மட்டும் டக்கென்றது. அவள் வழக்கம்போலப் பூட்டை இரண்டு முறை இழுத்துப் பார்த்துவிட்டுப் போனாள்.